மோகர் ஓங்கலுக்குச் செல்லும் வழி: மேற்கு அயர்லாந்தும் பெரும் பஞ்சமும்

மோகர் ஓங்கல்கள் அயர்லாந்தின் மேற்குக் கரையில், கிளேர் கவுண்டியில், அட்லாண்டிக் பெருங்கடலை ஒட்டி எழுந்து நிற்கும் செங்குத்தான பாறைச் சுவர்கள். இவற்றின் மிக உயர்ந்த பகுதி கடல்மட்டத்திலிருந்து 214 மீட்டர். தலைநகர் டப்ளினிலிருந்து காலையில் புறப்பட்டு, நாட்டைக் கிழக்கிலிருந்து மேற்காகக் கடந்து, ஓங்கலைப் பார்த்துவிட்டு இரவுக்குள் திரும்பும் பேருந்துச் சுற்றுலா அந்நாட்டில் மிகவும் பெயர்பெற்றது. ஏறக்குறைய 12 மணி நேரம் பிடிக்கும். இந்தக் கட்டுரை அந்த வழியில் தெரியும் நிலத்தின் வரலாற்றைப் பற்றியது. 1845-இல் தொடங்கிய பெரும் பஞ்சத்தை விட்டுவிட்டு அந்த நிலத்தைப் புரிந்துகொள்ள முடியாது. அந்தப் பஞ்சத்தோடு சேர்த்துச் சொல்லப்படும் இரண்டு பெயர்கள் பின்னர் சென்னைக்கும் கொழும்புக்கும் வந்து சேர்ந்தன என்பதால், தமிழ் வாசகர்கள் இதை அறிந்திருப்பது நல்லது.

பள்ளியில் வரலாறு கற்பித்த காலத்தில் அயர்லாந்துப் பஞ்சத்தை நான் ஒரே வரியில் கடந்திருக்கிறேன். உருளைக்கிழங்கு அழுகியது, மக்கள் அமெரிக்காவுக்குச் சென்றனர், அவ்வளவுதான். ஓய்வு பெற்றபின் மகனைப் பார்க்க டப்ளின் சென்றபோது இந்தச் சுற்றுலாவில் போனேன். எங்கு பார்த்தாலும் பச்சை. ஆனால் வீடுகள் மிகக் குறைவு. இத்தனை நல்ல மழை பெய்யும் நாட்டில் ஏன் இவ்வளவு ஆள் நடமாட்டமற்ற வெளி என்ற கேள்வி அன்று முழுவதும் கூடவே வந்தது.

ஷானன் ஆறு வரை

டப்ளினையும் கால்வே நகரையும் இணைக்கும் விரைவுச்சாலை 2009 டிசம்பரில்தான் முழுமையடைந்தது. அதற்கு முன் ஒரே நாளில் போய்வருவது களைப்பான வேலை. இன்னும் பின்னோக்கிப் போனால், மேற்குக்குப் பயணிகளை ஏற்றிச் சென்றவை சார்லஸ் பியான்கோனியின் குதிரை வண்டிகள். இத்தாலியிலிருந்து சிறுவனாக வந்து படம் விற்றுத் திரிந்த இவர், 1815 ஜூலையில் குளொன்மெல் ஊரிலிருந்து காஹிர் ஊருக்கு முதல் வண்டியை ஓட்டினார். வாட்டர்லூ போர் முடிந்து இராணுவக் குதிரைகள் மலிவாகக் கிடைத்த நேரம் அது. 1851-இல் கால்வே வரை இரயில் வந்தது.

டப்ளினைத் தாண்டிச் சிறிது தூரத்தில் முற்றா நிலக்கரி படிந்த சதுப்பு வெளிகள் தொடங்கும். இவற்றை வெட்டிக் காயவைத்துத்தான் மக்கள் பல நூற்றாண்டுகள் அடுப்பு எரித்தனர். அதன்பின் அத்லோன் நகரில் ஷானன் ஆறு வருகிறது. அயர்லாந்தின் மிக நீளமான ஆறு இதுவே. பாலத்தைப் பேருந்து ஒரு நிமிடத்தில் கடந்துவிடும். ஆனால் 17-ஆம் நூற்றாண்டில் இது ஒரு தண்டனைக் கோடு. கிராம்வெல்லின் படை அயர்லாந்தை வென்றபின், 1652-இல் இயற்றப்பட்ட சட்டத்தின்படி கத்தோலிக்க நில உடைமையாளர்கள் பலரின் நிலம் பறிக்கப்பட்டது. மாற்று நிலம் ஷானனுக்கு மேற்கே, கொனாக்ட் மாகாணத்திலும் கிளேரிலும் தரப்படும் என்றும், 1654 மே முதல் நாளுக்குள் ஆற்றைக் கடந்துவிட வேண்டும் என்றும் ஆணை வந்தது. வளமான கிழக்கிலிருந்து கல் நிறைந்த மேற்குக்குத் தள்ளப்பட்டவர்களும் ஏற்கெனவே அங்கிருந்த ஏழைகளும் சேர, சிறு துண்டு நிலங்களில் மக்கள் நெருங்கி வாழும் நிலை வளர்ந்தது. அத்தகைய துண்டு நிலத்தில் ஒரு குடும்பத்தின் வயிற்றை நிரப்பக்கூடிய பயிர் உருளைக்கிழங்கு ஒன்றுதான்.

பஞ்சமும் டிரெவெல்யனும்

அத்தன்ரை ஊரின் பெயர்ப்பலகை வந்ததும் எங்கள் வழிகாட்டி ஒலிபெருக்கியில் ஒரு பாட்டைப் போட்டார். 'அத்தன்ரையின் வயல்கள்' என்ற அந்தப் பாடலை பீட் செயின்ட் ஜான் 1970-களின் பிற்பகுதியில் எழுதினார். இன்று விளையாட்டு அரங்குகளில் ஆயிரக்கணக்கானோர் சேர்ந்து பாடும் பாட்டு. பட்டினி கிடக்கும் பிள்ளைகளுக்காகத் தானியம் திருடி நாடு கடத்தப்படும் ஒருவனின் கதை அது. அந்தத் தானியத்துக்கு உரியவராகப் பாட்டில் வரும் பெயர் டிரெவெல்யன். பேருந்தில் இருந்தவர்களில் அந்தப் பெயரைக் கேட்டு நிமிர்ந்து உட்கார்ந்தவன் நான் ஒருவனாகத்தான் இருப்பேன்.

உருளைக்கிழங்குக் கருகல் நோய் அயர்லாந்தில் முதலில் காணப்பட்டது 1845 செப்டம்பரில். அந்த ஆண்டு விளைச்சலில் ஒரு பகுதி போயிற்று. அடுத்த ஆண்டு ஏறக்குறைய முழுவதும் போயிற்று. பிரதமர் ராபர்ட் பீல் அமெரிக்காவிலிருந்து மக்காச்சோளம் வாங்கி மலிவாக விற்க ஏற்பாடு செய்தார். 1846 நடுவில் அவர் பதவி இழந்து ஜான் ரஸ்ஸலின் அரசு வந்தது. சந்தையில் அரசு தலையிடக் கூடாது, இலவசமாகக் கொடுத்தால் மக்கள் சோம்பேறிகளாவர் என்ற கொள்கை அந்த அரசில் வலுவாக இருந்தது. உதவி வேண்டுவோர் சாலை போடும் வேலைக்கு வரவேண்டும், செய்த வேலையின் அளவுக்கே கூலி என்று விதித்தனர். 1847 மார்ச்சில் 7 லட்சத்துக்கும் மேற்பட்டோர் இந்த வேலைகளில் இருந்தனர். தானிய விலை ஏறிக்கொண்டே போனதால் கூலி வயிற்றுக்குப் போதவில்லை. பசித்த உடம்போடு கல் உடைத்தவர்கள் சாலையோரத்திலேயே விழுந்து இறந்தனர். பிறகு கஞ்சித்தொட்டிகள் திறக்கப்பட்டன. 1847 கோடையில் நாளொன்றுக்கு ஏறக்குறைய 30 லட்சம் பேர் அவற்றில் உண்டனர். உயிர்களைக் காப்பாற்றிய அந்த ஏற்பாடும் சில மாதங்களில் நிறுத்தப்பட்டு, பொறுப்பு உள்ளூர் ஏழையர் விடுதிகளின் தலையில் சுமத்தப்பட்டது.

இந்த நிவாரணச் செலவை இலண்டன் கருவூலத்திலிருந்து கட்டுப்படுத்தியவர் சார்லஸ் டிரெவெல்யன். இளமையில் வங்காளத்தில் பணியாற்றியவர். 1840 முதல் கருவூலத்தின் உதவிச் செயலர். நேர்மையானவர், கடும் உழைப்பாளி. பஞ்சம் இறைவனின் ஏற்பாடு, அயர்லாந்து சமூகத்தின் குறைகளைத் திருத்தவே வந்தது என்ற நோக்கு அவருக்கு இருந்ததை அவர் எழுத்துகள் காட்டுகின்றன. பஞ்சம் முடியும் முன்பே, 1848-இல், நிவாரணப் பணிக்காக அவருக்கு 'சர்' பட்டம் கிடைத்தது. கொள்கையை வகுத்தவர்கள் அமைச்சர்கள், அவர் அதை நடத்திய அதிகாரி மட்டுமே என்று வாதிடும் வரலாற்றாசிரியர்களும் உண்டு. அந்த வாதத்தில் உண்மை இருக்கிறது. ஆனால் ஒவ்வொரு கோப்பிலும் கையை இறுக்கிப் பிடித்தவர் அவர் என்பதை மறுக்க முடியாது.

இதே டிரெவெல்யன்தான் 1859-இல் சென்னை மாகாணத்தின் ஆளுநராக வந்தார். இங்கே அவருக்கு நல்ல பெயர். நகர மக்கள் உலாவ 'பீப்பிள்ஸ் பார்க்' பூங்காவை அமைத்தவர் அவரே. பிற்காலத்தில் விக்டோரியா பொது மண்டபம், ரிப்பன் மாளிகை முதலியவை அந்தப் பூங்கா நிலத்தில்தான் எழுந்தன. கல்கத்தா அரசு வருமான வரி கொண்டுவந்தபோது, இம்மக்கள் அதைத் தாங்க மாட்டார்கள் என்று எதிர்த்துக் குறிப்பு எழுதி, அதை வெளியிடவும் செய்தார். அதற்காக 1860-இல் திரும்ப அழைக்கப்பட்டார். மெரினா பக்கம் போகும்போதெல்லாம் சென்ட்ரல் நிலையத்தைத் தாண்டிச் செல்லும் நமக்கு அவர் பூங்கா தந்த ஆளுநர். கால்வேக்காரருக்கு அவர் தானியத்தைப் பூட்டி வைத்தவர். இரண்டும் ஒரே மனிதர்.

கூல் பார்க்கின் கால் ஏக்கர்

அத்தன்ரைக்கு அருகே தெற்கே திரும்பும் சாலை கோர்ட் என்னும் சிற்றூர்ப் பக்கமாகச் செல்கிறது. அங்கே கூல் பார்க் என்ற தோப்பு இருக்கிறது. இலக்கியம் படித்தவர்கள் கவிஞர் யேட்ஸுடனும், டப்ளின் அபே நாடக அரங்கை நிறுவியவர்களில் ஒருவரான அகஸ்டா கிரிகரி அம்மையாருடனும் இந்த இடத்தைச் சேர்த்து நினைப்பர். மாளிகை 1941-இல் இடிக்கப்பட்டுவிட்டது.

அம்மையாரின் கணவர் வில்லியம் கிரிகரி 1847-இல் டப்ளின் நகரின் நாடாளுமன்ற உறுப்பினர். கால் ஏக்கருக்கு மேல் நிலம் வைத்திருக்கும் குத்தகையாளர் அதை ஒப்படைத்தால்தான் நிவாரணம் பெறலாம் என்ற விதியை ஏழையர் சட்டத்தில் சேர்க்கச் செய்தவர் அவர். கணக்கில் பார்த்தால் சிறு திருத்தம். நடைமுறையில், பிள்ளைகளுக்குக் கஞ்சி வேண்டுமானால் நிலத்தை விட வேண்டும் என்பதே அதன் பொருள். நிலத்தை விட்டவரின் குடிசையைப் பல இடங்களில் உடனே இடித்துவிடுவர், திரும்பி வராதிருக்க. அதே 1847-இல் கிரிகரியின் தந்தை ராபர்ட், குத்தகைக்காரர்களுக்கு உதவப் போன இடத்தில் தொற்றிய பஞ்சக் காய்ச்சலால் இறந்தார். குடும்பம் கொடுமையானது என்று எளிதாக எழுதிவிட்டுப் போக முடியாத இடம் இது.

வில்லியம் கிரிகரி 1872 முதல் 1877 வரை இலங்கையின் ஆளுநர். கொழும்பு அருங்காட்சியகம் அவர் முயற்சியால் 1877-இல் திறக்கப்பட்டது. அதன் முன்புறம் அவர் சிலை நிற்கிறது. பள்ளிப் பிள்ளைகளோடு அங்கே படம் எடுத்துக்கொண்டவர்கள் நம்மில் பலர் இருப்பர்.

கால் ஏக்கர் விதியின் விளைவைக் காண மோகருக்குத் தெற்கே உள்ள கில்ரஷ் வட்டாரத்தைப் பார்க்கலாம். அங்கே ஏழையர் சட்டக் கண்காணிப்பாளராக அனுப்பப்பட்டவர் கேப்டன் ஆர்தர் கென்னடி. வீடு இடிக்கப்பட்ட குடும்பங்களைப் பட்டியலிட்டு அவர் அரசுக்கு அனுப்பிய அறிக்கைகள் இன்றும் முதல்தரச் சான்றுகள். 1847-க்கும் 1850-க்கும் இடையில் அந்த ஒரு வட்டாரத்தில் மட்டும் சுமார் 20,000 பேர் வெளியேற்றப்பட்டனர். 1849 டிசம்பரில் 'இல்லஸ்ட்ரேட்டட் லண்டன் நியூஸ்' இதழ் அங்கிருந்து வரைபடங்கள் வெளியிட்டது. கந்தலோடு இரு பிள்ளைகளை அணைத்து நிற்கும் பிரிஜெட் ஓடானல் என்ற பெண்ணின் படம் அவற்றில் ஒன்று. பஞ்சம் பற்றிய புத்தகங்களில் மிகுதியாக அச்சாகும் படம் அதுதான்.

பர்ரன் கல்வெளி

கிளேரின் வடக்கே பர்ரன் என்ற சுண்ணாம்புப் பாறை வெளி விரிகிறது. ஐரிஷ் மொழியில் இப்பெயருக்குக் கல் நிறைந்த இடம் என்று பொருள். பனியாறுகள் சுரண்டிச் சென்ற சாம்பல் நிறப் பாறைத் தளம், இடையிடையே ஆழமான வெடிப்புகள், வெடிப்புக்குள் பூச்செடிகள். கிராம்வெல்லின் தளபதி லட்லோ இங்கே மரமும் நீரும் மண்ணும் போதவில்லை என்று குறைபட்டுக்கொண்டார். ஆனால் மாடுகள் கொழுத்திருந்ததையும் அவரே எழுதிவைத்தார். காரணம், பாறை வெப்பத்தைத் தேக்கி வைப்பதால் குளிர்காலத்திலும் புல் இருக்கும். மற்ற நாடுகளில் கோடையில் மலைக்கு ஏற்றுவார்கள்; இங்கே குளிர்காலத்தில் ஏற்றுகிறார்கள்.

இந்த வெளியின் நடுவே போல்நாப்ரோன் என்ற கற்திட்டை நிற்கிறது. நிறுத்திய கற்களின்மேல் ஒரு பலகைக் கல். 1980-களில் நடந்த அகழாய்வில் முப்பதுக்கும் மேற்பட்டோரின் எலும்புகள் கிடைத்தன. சுமார் 5,800 ஆண்டுகளுக்கு முந்தையவை. பேருந்து இங்கே நிற்கும் இருபது நிமிடம் படம் எடுக்கவே போய்விடுகிறது.

பாலிவான், லிஸ்டூன்வார்னா என்ற ஊர்களுக்கு இடையே திருகாணி போல வளைந்து ஏறும் சாலை ஒன்று உண்டு. அதன் பெயரே 'கார்க்ஸ்க்ரூ ஹில்'. உச்சியிலிருந்து தெரியும் காட்சிக்காக இன்று மக்கள் ஏறுகிறார்கள். அது பஞ்ச நிவாரண வேலையாகப் போடப்பட்ட சாலை. அது ஊரிலிருந்து ஊருக்குப் போகிறது. அக்காலத்தில் போட்ட சில சாலைகள் சதுப்பின் நடுவே நின்றுவிட்டன. சென்னையில் கூவத்தையும் அடையாற்றையும் இணைக்கும் பக்கிங்காம் கால்வாய்ப் பகுதியும் இப்படித்தான் 1877-78 பஞ்சத்தில் கூலிக்கு வெட்டப்பட்டது.

ஓங்கலின் மேல்

மோகர் என்ற பெயர் இங்கிருந்த பழைய கோட்டையைக் குறிக்கும் ஐரிஷ் சொல்லிலிருந்து வந்தது. நெப்போலியன் படை கடல்வழியே வந்துவிடுமோ என்ற அச்சத்தில் காவற்கோபுரம் கட்ட, 1808-இல் அந்தக் கோட்டையை இடித்துக் கல்லை எடுத்துக்கொண்டார்கள். ஓங்கலின் உச்சியில் இன்று எல்லாப் படங்களிலும் வரும் வட்டக் கோபுரம் வேறு. அதை 1835-இல் கட்டியவர் உள்ளூர் நிலக்கிழார் கொர்னீலியஸ் ஓபிரையன். வருவோர் ஏறிக் கடலைப் பார்க்கத்தான் கட்டினார். ஆக, பஞ்சத்துக்குப் பத்து ஆண்டு முன்பே இங்கே சுற்றுலா இருந்தது. ஓங்கலைத் தவிர மற்ற எல்லாவற்றையும் கட்டியவர் ஓபிரையன் என்று ஊரில் வேடிக்கையாகச் சொல்வார்கள். இன்றைய பார்வையாளர் மையம் 2007-இல் குன்றுக்குள் புதைந்தாற்போல் கட்டப்பட்டது.

மையத்தின் கண்காட்சியில் பாறை அடுக்குகளும் பறவைகளும் விரிவாக உண்டு. நான் தேடியது அங்கே கிடைக்காததால், அந்தக் கணக்கை இங்கே தருகிறேன். 1841 கணக்கெடுப்பில் கிளேர் கவுண்டியில் சுமார் 2,86,000 பேர். 1851-இல் சுமார் 2,12,000. குடிபெயர்தல் நிற்காததால் 1960-களில் 75,000-க்கும் கீழே இறங்கியது. 2022-இல் ஏறக்குறைய 1,28,000. தீவு முழுவதும் பார்த்தால் 1841-இல் 81 லட்சத்துக்கு மேல் இருந்தனர். பஞ்சத்தில் சுமார் 10 லட்சம் பேர் இறந்தனர், அதே அளவினரோ அதற்கும் மேலானோரோ கப்பலேறினர். இன்று வடக்கு, தெற்கு இரண்டையும் கூட்டினாலும் 70 லட்சத்தைச் சற்றே தாண்டுகிறது.

திரும்பும் வழியில் கால்வேயில் தேநீருக்கு நிறுத்தினார்கள். டப்ளின் வந்து சேர இரவாகிவிட்டது. மறுநாள் காலை லிஃபி ஆற்றங்கரையில் 1997-இல் வைக்கப்பட்ட ரோவன் கில்லெஸ்பியின் பஞ்சச் சிற்பங்களைப் பார்க்க நடந்தே போனேன். எலும்பும் தோலுமாகச் சிலர், துறைமுகத்தை நோக்கி நடக்கிறார்கள். கையில் மூட்டை. பின்னால் ஒரு நாய்.