படச்சுருளில் ஒரு பிரபு: மன்னர்ஹைமும் 1942 ஜூன் 4-ஆம் தேதியும்

பின்லாந்தின் சேனாதிபதி கார்ல் குஸ்தாவ் எமில் மன்னர்ஹைமுக்கு எழுபத்தைந்து வயது நிறைந்த 1942 ஜூன் 4-ஆம் தேதியன்று, வாழ்த்துக் கூறும் வியாஜத்தில் இம்மோலா விமானத்தளத்துக்கு ஹிட்லர் வந்து சென்ற நிகழ்ச்சி படச்சுருளில் பதிவாகி இன்றளவும் எஞ்சியிருக்கிறது. அப்படத்தில் மன்னர்ஹைமின் விறைத்த முதுகையும் அளந்து வைக்கும் புன்னகையையும் கண்டு, உள்ளூர ஊறிய அவமதிப்புக்கு அவை அத்தாட்சி என்று கொள்ளும் வழக்கம் ஒன்று உண்டு. அவ்வழக்கம் சரித்திர நியாயத்துக்கு ஒவ்வாதது என்பதே என் கட்சி.

படத்தில் தெரிவது என்ன? விமானம் தரையிறங்குகையில் அதன் சக்கரத் தடை தீப்பற்றிப் புகைகிறது, வந்திறங்கிய விருந்தினர், உயர்ந்த மேனியரான கிழவரை நோக்கி நடந்து வந்து கைகுலுக்குகிறார், அதன்பின் உபசாரங்கள். பிரசாரத்துக்கென எடுத்த படத்தில் சக்கரத்துத் தீ யாரும் கேளாமல் தானே வந்து புகுந்துகொண்ட சாட்சி. ஆகையால் அதை நம்பலாம். முகபாவமோ, காமிரா தன்மீது இருப்பதை நன்கறிந்த ஒருவர் அணிந்துகொண்டது.

அதை அணியும் பயிற்சி அவருக்கு அன்று நேற்று வாய்த்ததன்று. ஸ்வீடிஷ் மொழி பேசும் பிரபு வம்சத்தில் லௌஹிசாரி மாளிகையில் 1867-இல் பிறந்து, பீட்டர்ஸ்பர்க்கின் நிக்கோலாயெவ் குதிரைப்படைப் பள்ளியில் தேறி, 1896-இல் இரண்டாம் நிக்கோலாஸின் முடிசூட்டு ஊர்வலத்தில் உருவிய வாளோடு முன்னே நடந்த மெய்க்காவற்படை அதிகாரி அவர். தாம் மனமார வணங்கிய ஜார் சக்கரவர்த்தியின் முன்னிலையிலும் அவர் இவ்வண்ணமே நிமிர்ந்து நின்றிருப்பார் என்றால், அந்நிமிர்வை வெறுப்பின் அடையாளமாக எப்படிக் கொள்வது? விருந்தாளியின் எதிரே வேண்டுமென்றே சுருட்டுப் பற்றவைத்தார் என்றொரு கதையும் வழங்குகிறது. கதை சுவையாக இருப்பதனால் மட்டும் ஆதாரமாகிவிடாது.

அதிருஷ்டவசமாக அந்நாளுக்கு வேறொரு சாட்சியமும் உண்டு. பின்லாந்து வானொலியின் பொறியாளர் தோர் டாமென், அன்று ரயில் பெட்டியில் இருவருக்குமிடையே நடந்த அந்தரங்க சம்பாஷணையைச் சுமார் பதினொரு நிமிஷம் ஒலிப்பதிவு செய்துவிட்டார். ஹிட்லரின் மெய்க்காவலர் கண்டுபிடித்துத் தடுத்தனர். அதில், சோவியத் ரஷ்யாவிடம் முப்பத்தைந்தாயிரம் டாங்கிகள் இருக்கும் என்று எவரேனும் முன்பே சொல்லியிருந்தால் நம்பியிருக்கமாட்டேன் என்னும் கருத்துப்பட ஹிட்லர், மேடைக் கர்ஜனை ஏதுமின்றித் தாழ்ந்த குரலில் பேசிக்கொண்டே போகிறார். மன்னர்ஹைமோ பெரும்பாலும் கேட்டிருக்கிறார். இடையிடையே சுருக்கமாக ஆமோதிக்கிறார். அவமதிப்பு என்று சொல்லத்தக்கது அதில் ஏதும் என் செவிக்கு எட்டவில்லை. வலிய கூட்டாளியின் வாயிலிருந்து செய்தி வரும்போது குறுக்கிடாமலிருப்பது ராஜதந்திரியின் இயல்பு. அம்மௌனத்துக்கு அதற்குமேல் பொருள் தேட வேண்டியதில்லை.

அப்படியாயின் அந்த வழக்கம் எங்கிருந்து பிறந்தது? 1944 ஆகஸ்டில் ஜனாதிபதி பதவியேற்ற மன்னர்ஹைமுக்கு, செப்டம்பர் 19-இல் மாஸ்கோவோடு போர்நிறுத்தம் செய்து, லாப்லாந்தில் ஜெர்மானியப் படைகளை எதிர்த்தே துருப்புகளைச் செலுத்த நேர்ந்தது. அம்முடிவை அறிந்த நாம், ஈராண்டுக்கு முந்திய முகத்தில் அதன் முன்னறிகுறியைத் தேடுகிறோம். ஆனால் 1942 ஜூனில் ஜெர்மானியச் சேனை இன்னும் முன்னேறிக்கொண்டிருந்தது, ஸ்டாலின்கிராட் வரவில்லை, விலகுவதற்கான காரணம் எதுவும் அவர் கண்முன் திரளவில்லை. அம்மாதம் 27-ஆம் தேதியே அவர் ஜெர்மனி சென்று ஹிட்லரின் தலைமையகத்தில் மறுவிஜயமும் செய்தார்.