வாள் யார் பக்கம்?

1933. தமிழில் பேசும் படம் வந்து இரண்டு ஆண்டுகள் ஆகிவிட்டன. அப்போதும் நாகர்கோவிலைச் சேர்ந்த ஆர்.சுந்தர் ராஜ் ஒரு பேசாப்படம் எடுத்தார். பி.வி.ராவ் இயக்கிய அந்த 'மார்த்தாண்ட வர்மா', சி.வி.ராமன் பிள்ளை 1891-இல் வெளியிட்ட நாவலின் கதை. திருவனந்தபுரம் கேபிடல் தியேட்டரில் வெளியான சில நாள்களிலேயே, நாவலின் உரிமை தன்னிடம் இருப்பதாகக் கமலாலயா புக் டிப்போ வழக்குத் தொடுக்க, படச்சுருள் பறிமுதலானது. 1974-இல் புனே திரைப்பட ஆவணக் காப்பகத்துக்காக பி.கே.நாயர் அதை மீட்டார். தென்னாட்டுப் பேசாப்படங்களில் ஏறக்குறைய எல்லாமே அழிந்துபோயிருக்க, இது தப்பியது நாம் பெற்ற பேறு.

கதை வாரிசுச் சண்டை. திருவிதாங்கூரில் மருமக்கள்தாயம், பட்டம் சகோதரியின் மகனான மருமகனுக்கே, அதாவது இளவரசர் மார்த்தாண்ட வர்மாவுக்கே. மன்னர் பெற்ற மகன் பத்மநாபன் தம்பி அரியணையைக் கேட்கிறான், எட்டு வீட்டுப் பிள்ளைமார் எனும் பிரபுக்கள் அவனுக்குத் துணை நிற்கிறார்கள். தகப்பன் சொத்து மகனுக்கு என்று வளர்ந்த நமக்கு இந்த இடம் உறுத்தும். மதுரையில் பிறந்திருந்தால் பத்மநாபன் தம்பி இளவரசன். திருவிதாங்கூரில் பிறந்ததால் துரோகி. படம் தயக்கமே இல்லாமல் மருமகன் பக்கம் நிற்கிறது. இளவரசரைக் காக்க வேடம் மாறித் திரியும் அனந்தபத்மநாபன்தான் அதன் வீரன்.

அதற்கு எட்டு ஆண்டு முன்பே ஜப்பானில் வேறு குரல் கேட்டது. அங்கே விசுவாசத்துக்கு இலக்கணமாக நாற்பத்தேழு சாமுராய்களின் கதையைத் திரும்பத் திரும்பப் படமாக்கி வந்தார்கள். ஆனால் 1925-இல் வந்த 'ஒரோச்சி'யில் பாண்டோ சுமசாபுரோ நடித்த சாமுராய், நல்லது செய்யப்போய்க் கெட்ட பெயர் வாங்கி ஊரை விட்டே துரத்தப்படுகிறான். கடைசியில் தன்னை வளைத்த கூட்டத்தோடு மூச்சு முட்ட வாள் வீசுகிறான். தணிக்கைக்காரர்களுக்கு அது பிடிக்கவில்லை. படத்தின் முதல் பெயரையே மாற்ற வைத்தார்கள். எனக்கு அந்தப் படமே நெருக்கம். தோற்றவனுக்கும் ஒரு நியாயம் உண்டு என்று அது கேட்கிறது.

இனி வரலாற்றிலிருந்து ஒன்று சொல்ல வேண்டும். பிள்ளைமாரின் கலகத்தை ஈவிரக்கமின்றி ஒடுக்கிய அதே மார்த்தாண்ட வர்மாவின் படை, 1755-இல் ஆற்காட்டு நவாபை எதிர்த்த நெற்கட்டும்செவல் பாளையக்காரர் பூலித்தேவரோடு களக்காட்டில் தோள் சேர்த்து நின்றது. நவாபின் கணக்கில் அன்று அந்த அரசரும் கலகக்காரர்தான். அவர் கதையின் இந்தப் பாதியை நான் அறிந்தவரை யாரும் படமாக்கவில்லையே என்பது என் ஆதங்கம்.