பெயரைப் பறிக்காத அன்பு



இறுதித் தீர்ப்பு நாளில் ஆண்டவர் நம்மிடம் எதைக் கணக்குக் கேட்பார் என்பதை மத்தேயு நற்செய்தியின் 25ஆம் அதிகாரம் சொல்கிறது. பசித்தவருக்கு உணவு கொடுத்தோமா? அன்னியரை ஏற்றுக்கொண்டோமா? இந்த இரண்டு கேள்விகளும் ஒன்றாக எழுந்த ஒரு காலத்தை இன்று நினைத்துப் பார்ப்போம்.

1845ஆம் ஆண்டு அயர்லாந்தின் உருளைக்கிழங்கு வயல்களில் கருகல் நோய் பரவியது. ஏழைக் குடியானவர்களுக்கு அந்தக் கிழங்குதான் அன்றாட உணவு. தோண்டி எடுத்த கிழங்குகள் அழுகிப்போயின. ஆனால் நாட்டில் உணவே இல்லாமல் போய்விடவில்லை. தானியமும் வெண்ணெயும் கால்நடைகளும் துறைமுகங்கள் வழியாக இங்கிலாந்துக்குப் போய்க்கொண்டுதான் இருந்தன. குத்தகை கட்ட முடியாதவர்களை நிலக்கிழார்கள் குடிசைகளிலிருந்து வெளியேற்றினார்கள். சில ஆண்டுகளுக்குள் ஏறத்தாழ 10 லட்சம் பேர் பசியாலும் நோயாலும் இறந்தார்கள். இன்னும் 10 லட்சம் பேர் கப்பலேறிப் போனார்கள். நோய் வந்தது கிழங்குக்கு. ஆனால் அத்தனை உயிர்கள் போனதில் மனிதரின் கல்நெஞ்சுக்கும் பங்கு உண்டு.

1847ஆம் ஆண்டு அந்தக் கப்பல்களில் பல, கனடாவின் செயின்ட் லாரன்ஸ் ஆற்றிலுள்ள குரோஸ் தீவில் நிறுத்தப்பட்டன. கப்பலில் வந்தவர்களிடையே டைபஸ் காய்ச்சல் பரவியிருந்தது. அந்த ஓர் ஆண்டில் மட்டும் 5,000க்கும் மேற்பட்டோர் அத்தீவில் புதைக்கப்பட்டார்கள். நோயில்பூசுதல் கொடுக்கச் சென்ற குருக்களும் வைத்தியம் பார்த்த மருத்துவர்களும் அதே காய்ச்சலில் மாண்டார்கள். மொன்றியால் நகரில் நோயாளிகளைப் பராமரித்த அருள்சகோதரிகளும் தங்கள் உயிரைக் கொடுத்தார்கள்.

பெற்றோரை இழந்த பிள்ளைகள் நூற்றுக்கணக்கில் நின்றார்கள். கியூபெக் பகுதியின் குருக்கள் அவர்களுக்கு வீடு தேடினார்கள். பிரெஞ்சு பேசும் கத்தோலிக்கக் குடும்பங்கள் முன்வந்தன. அந்தப் பிள்ளைகளின் மொழி அவர்களுக்குத் தெரியாது. தொற்றுநோய் அச்சமும் இருந்தது. ஆயினும் கதவைத் திறந்தார்கள். அதைவிடப் பெரிது ஒன்று உண்டு. அப்பிள்ளைகளில் பலர் தங்கள் அயர்லாந்துக் குடும்பப் பெயரோடேயே வளர்ந்தார்கள். எனவேதான் பிரெஞ்சு பேசும் கியூபெக் குடும்பங்கள் பலவற்றில் இன்றும் அயர்லாந்துப் பெயர்களைக் காண்கிறோம்.

அன்பார்ந்தவர்களே, உதவி செய்யும்போது பெறுகிறவரின் தன்மானத்தை நாம் விலையாகக் கேட்டுவிடுகிறோம். உணவுப் பொட்டலம் கொடுக்கிறோம். வாங்கியவரின் பெயரைக் கேட்பதில்லை. ஆண்டவரோ நம் ஒவ்வொருவரையும் பெயர் சொல்லி அழைக்கிறார். இந்த வாரம் நம் வாசலுக்கு வரும் அன்னியர் ஒருவரிடம், முதலில் அவர் பெயரைக் கேட்போம். அந்த அருளுக்காக மன்றாடுவோம். ஆமென்.