எல்.எஸ்.டி.: கணக்கேட்டில் பிறந்த மூன்றெழுத்தும் அதன் பிற்காலப் பொருள்களும்

எல்.எஸ்.டி. என்ற மூன்றெழுத்து இன்று தமிழ்ச் செய்தித்தாளில் கண்ணில் பட்டால், அது பெரும்பாலும் போதைப்பொருள் வழக்கைப் பற்றியதாகவோ மாடுகளைத் தாக்கும் தோல் கழலை நோயைப் பற்றியதாகவோ இருக்கும். நூறாண்டுகளுக்கு முன் பிரிட்டனில் அதே மூன்றெழுத்துக்குப் பணம் என்பதைத் தவிர வேறு பொருள் கிடையாது. கடற்படையில் அது ஒரு வகைக் கப்பல். மோட்டார் வாகனத்தில் சக்கரங்களுக்கு இடையிலான ஒரு பல்சக்கர அமைப்பு. புள்ளியியலில் ஒரு சோதனை. குழந்தை மருத்துவத்தில் ஒரு நோய்த் தொகுதி. இவற்றுக்குள் உறவு எதுவும் இல்லை. அடிக்கடி எழுத வேண்டிய நீண்ட பெயரை ஒவ்வொரு தொழிலும் தன் வசதிக்காகச் சுருக்கியபோது, வெவ்வேறு பெயர்கள் ஒரே எழுத்துகளில் வந்து நின்றன. இவற்றுள் மிகப் பழையதும் மிக நீண்ட காலம் வாழ்ந்ததும் கணக்கேட்டின் எல்.எஸ்.டி.

ரோமாபுரியிலிருந்து வந்த மூன்று சொற்கள்

கணக்கேட்டில் இந்த எழுத்துகள் லிப்ரா, சொலிடஸ், தெனாரியஸ் என்ற மூன்று லத்தீன் சொற்களின் முதலெழுத்துகள். லிப்ரா என்பது ரோமானியரின் எடை அளவு; இன்றைய கணக்கில் ஏறத்தாழ 327 கிராம். தெனாரியஸ் கி.மு. 211 வாக்கில் புழக்கத்துக்கு வந்த வெள்ளிக் காசு. சொலிடஸ் கி.பி. 4ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பேரரசர் கான்ஸ்டன்டைன் வெளியிட்ட பொற்காசு. ஒரு லிப்ரா பொன்னிலிருந்து 72 காசுகள் அடிக்கப்பட்டன. தெனாரியஸ் தமிழகத்துக்குப் புதியதல்ல. அகஸ்டஸ், டைபீரியஸ் காலத்துத் தெனாரியஸ் காசுகள் கோயம்புத்தூர், கரூர் வட்டாரங்களில் புதையல்களாகக் கிடைத்திருக்கின்றன. மிளகுக்கும் மணிகளுக்கும் விலையாக வந்த வெள்ளி அது.

ரோமப் பேரரசு மேற்கில் சரிந்த பிறகு இந்த மூன்று பெயர்களையும் ஒரே வாய்பாட்டில் கோத்தவர் பிராங்கிய அரசர் சார்லமேன். 793–794ஆம் ஆண்டுகளில் அவர் செய்த நாணயச் சீர்திருத்தத்தின்படி, ரோமானிய லிப்ராவைவிடக் கனமான ஒரு லிப்ரா வெள்ளியிலிருந்து 240 தெனாரியஸ் அடிக்க வேண்டும். 12 தெனாரியஸ் சேர்ந்தால் ஒரு சொலிடஸ். 20 சொலிடஸ் சேர்ந்தால் ஒரு லிப்ரா. ஆனால் உண்மையில் அச்சடிக்கப்பட்டது தெனாரியஸ் ஒன்றுதான். சுமார் 1.7 கிராம் எடையுள்ள அந்த மெல்லிய வெள்ளிக் காசு மட்டுமே மக்கள் கையில் இருந்தது. சொலிடஸும் லிப்ராவும் ஏட்டில் மட்டும் வாழ்ந்த எண்ணிக்கைகள்.

மேற்கு ஐரோப்பாவில் இந்த வாய்பாடு பரவியது. பிரான்சில் லிவ்ர், சோல், தெனியே. இத்தாலியில் லிரா, சோல்தோ, தெனாரோ. இங்கிலாந்தில் பவுண்டு, ஷில்லிங், பென்னி. பேச்சில் அந்தந்த நாட்டுப் பெயர்கள் நிலைத்தாலும் ஏட்டில் லத்தீன் முதலெழுத்துகள் நிலைத்தன. ஆங்கிலத்தில் பென்னிக்கு 'பி' என்று எழுதாமல் 'டி' என்று எழுதியதற்குக் காரணம் இதுவே. இங்கிலாந்தில் அரசுக் கணக்கும் நீதிமன்றப் பதிவும் பல நூற்றாண்டுகள் லத்தீனில் எழுதப்பட்டன. நீதிமன்றங்களில் லத்தீன் 1733இல் முடிவுக்கு வந்தது. அதற்குப் பிறகும் கணக்கேட்டின் மூன்று பத்திகளுக்கு மேல் அந்த மூன்று லத்தீன் எழுத்துகள் இருந்தபடியே இருந்தன.

கணக்கு நடந்த விதம்

12ஆம் நூற்றாண்டில் இங்கிலாந்து அரசின் வரவு செலவு எப்படிச் சரிபார்க்கப்பட்டது என்பதை ரிச்சர்ட் ஃபிட்ஸ்நீல் என்ற கருவூல அதிகாரி விரிவாக எழுதி வைத்திருக்கிறார். 10 அடி நீளமும் 5 அடி அகலமும் உள்ள மேசை. அதன் மேல் கோடுகள் போட்ட கறுப்புத் துணி. வலது ஓரப் பத்தி பென்னிக்கு, அடுத்தது ஷில்லிங்குக்கு, அதற்கு அடுத்தது பவுண்டுக்கு, அதற்கும் இடப்பக்கம் இருபதுகள், நூறுகள், ஆயிரங்கள். கணக்கு ஒப்படைக்க வந்த ஷெரீஃப் என்ற வட்டார அதிகாரி எதிரே உட்கார்ந்திருக்க, கணக்கர் பத்திகளில் வில்லைகளை அடுக்குவார். பென்னிப் பத்தியில் 12 வில்லைகள் சேர்ந்தால் அவற்றை எடுத்துவிட்டு ஷில்லிங் பத்தியில் ஒன்று வைப்பார். எழுதப் படிக்கத் தெரியாதவரும் கண்ணால் பார்த்துச் சரிபார்க்கக்கூடிய ஏற்பாடு இது. சதுரங்கப் பலகையைப் போல் இருந்த அந்தத் துணியிலிருந்தே பிரிட்டிஷ் கருவூலத்துக்கு எக்ஸ்செக்கர் என்ற பெயர் வந்தது.

துணி போய்க் காகிதம் வந்த பிறகும் முறை மாறவில்லை. 3 பவுண்டு 15 ஷில்லிங் 9 பென்ஸுடன் 2 பவுண்டு 7 ஷில்லிங் 8 பென்ஸைக் கூட்டுவதாக வைத்துக்கொள்ளலாம். பென்ஸ் பத்தியில் 17. அதில் 12ஐ எடுத்தால் மீதி 5, ஷில்லிங்குக்கு 1 போகும். ஷில்லிங் பத்தியில் 15, 7, போன 1 ஆக 23. அதில் 20ஐ எடுத்தால் மீதி 3, பவுண்டுக்கு 1 போகும். ஆக மொத்தம் 6 பவுண்டு 3 ஷில்லிங் 5 பென்ஸ். 1957க்கு முன் தமிழ்நாட்டில் பள்ளிக்கூடம் போனவர்களுக்கு இந்தக் கூட்டல் அந்நியமாகத் தோன்றாது. ரூபாய், அணா, பை என்று மூன்று பத்திகள் போட்டு, 12 பைக்கு ஓர் அணா, 16 அணாவுக்கு ஒரு ரூபாய் என்று அவர்கள் செய்ததும் இதே வகைக் கணக்குதான்.

பத்தின் மடங்கில் இல்லாத இந்த முறை 1,000 ஆண்டுகளுக்கு மேல் நிலைத்ததற்கு வலுவான காரணம் உண்டு. 240 என்ற எண்ணை மீதியின்றி வகுக்கும் எண்கள் 20. 100ஐ அவ்வாறு வகுப்பவை 9 மட்டுமே. ஒரு பவுண்டை மூன்று பேருக்குப் பிரித்தால் ஆளுக்கு 6 ஷில்லிங் 8 பென்ஸ். ஆறு பேருக்கு என்றால் 3 ஷில்லிங் 4 பென்ஸ். எட்டுப் பேருக்கு என்றால் 2 ஷில்லிங் 6 பென்ஸ். பாகம் பிரிப்பதும் கூலி கொடுப்பதும் மனக்கணக்காகவே நடந்த காலத்தில் இது பெரிய வசதி.

ஏட்டில் மட்டும் இருந்த பவுண்டு 1489இல் உண்மைக் காசாயிற்று. அரசர் ஏழாம் ஹென்றி சவரன் என்ற பொற்காசை வெளியிட்டார். 1817இல் புது வடிவில் வந்த சவரன் 22 காரட் பொன்னால் ஆனது; எடை 7.99 கிராம். தமிழ்நாட்டு நகைக் கடையில் 8 கிராமைப் பவுன் என்றும் சவரன் என்றும் சொல்வது அந்தக் காசின் எடையை வைத்துத்தான். எடை அளவாக நின்ற லிப்ரா ஆங்கிலத்தில் எல்.பி. என்று சுருங்கியது, அந்தப் பவுண்டு எடையே தமிழில் இராத்தல். இலங்கையிலோ 1825 முதல் பிரிட்டிஷ் நாணயமே அரசு நாணயமாக இருந்தது. 1872இல் ரூபாயும் சதமும் கணக்கு நாணயமாகும் வரை பவுண்டு, ஷில்லிங், பென்ஸ் பத்திகளே அங்கு நடந்தன. காப்பித் தோட்டங்கள் பெருகி, தமிழகத்திலிருந்து தொழிலாளர்கள் போய்ச் சேர்ந்த காலம் அது. அந்தத் தலைமுறைகளின் வரலாற்றை எழுதுபவர்கள் இந்த மூன்று பத்திகளைப் படிக்கத் தெரிந்திருக்க வேண்டும்.

பதின்ம முறைக்கு மாற்றம்

பிரெஞ்சுப் புரட்சி 1795இல் பிரான்சைப் பதின்ம நாணயத்துக்குக் கொண்டுபோனது. பிரிட்டன் மெதுவாக நகர்ந்தது. 1849இல் பவுண்டில் பத்தில் ஒரு பங்கு மதிப்புள்ள ஃபுளோரின் என்ற காசை வெளியிட்டுவிட்டு அதற்கு மேல் போகவில்லை. இந்தியா 1957 ஏப்ரல் 1 அன்று அணாவையும் பையையும் விட்டது. தென்னாப்பிரிக்கா 1961இலும் ஆஸ்திரேலியா 1966இலும் நியூசிலாந்து 1967இலும் பழைய முறையைக் கைவிட்டன. அதன் பிறகே பிரிட்டனும் அயர்லாந்தும் 1971 பிப்ரவரி 15 அன்று பதின்ம முறைக்கு மாறின. கணக்குகளை மாற்றி எழுதுவதற்காக பிரிட்டிஷ் வங்கிகள் பிப்ரவரி 10 பிற்பகலிலிருந்து 15 காலை வரை மூடப்பட்டிருந்தன. ஒரு பவுண்டுக்கு 100 புதிய பென்ஸ் என்றாயிற்று. ஷில்லிங் பத்தி இல்லாமற் போயிற்று. பென்னியின் குறி 'டி'யிலிருந்து 'பி'க்கு மாறியது. சார்லமேனின் வாய்பாடு ஏறத்தாழ 1,180 ஆண்டுகளுக்குப் பின் அன்று ஓய்ந்தது.

ஆய்வகத்திலிருந்து வந்த பெயர்

அதற்குள் அதே எழுத்துகள் வேறொரு பொருளில் உலகம் அறிந்தவையாகிவிட்டன. சுவிட்சர்லாந்தின் பேசல் நகரில் சான்டோஸ் மருந்து நிறுவனத்தில் ஆல்பர்ட் ஹாஃப்மன் என்ற வேதியியலாளர், தானியக் கதிர்களில் வளரும் எர்காட் என்ற பூஞ்சையிலிருந்து மருந்துகள் செய்ய முயன்றுகொண்டிருந்தார். தமிழக உழவர்கள் கம்புப் பயிரில் தேன் ஒழுகல் நோய் என்று அறிந்திருப்பது இதே இனத்துப் பூஞ்சையால் வருவது. 1938 நவம்பர் 16 அன்று அவர் லைசெர்ஜிக் அமிலத்திலிருந்து ஒரு புதிய பொருளை உண்டாக்கினார். ஜெர்மன் மொழியில் அமிலத்துக்குச் 'சாய்ரே' என்று பெயர். ஜெர்மன் பெயரைச் சுருக்கியதால் நடு எழுத்தாக 'எஸ்' வந்தது. அந்த வரிசையில் 25ஆவது என்பதால் எல்.எஸ்.டி.-25 என்று ஆய்வகக் குறிப்பேட்டில் பதிவாயிற்று.

விலங்குகளில் சோதித்தபோது பயன் தெரியாததால் அது ஐந்து ஆண்டுகள் ஒதுக்கி வைக்கப்பட்டது. 1943 ஏப்ரலில் ஹாஃப்மன் அதை மறுபடி செய்தபோது, ஏப்ரல் 16 அன்று சிறிதளவு எப்படியோ உடலில் ஏறி மயக்கமும் விசித்திரக் காட்சிகளும் தோன்றின. காரணத்தை அறிய ஏப்ரல் 19 அன்று 0.25 மில்லிகிராமை வேண்டுமென்றே உட்கொண்டார். மிகச் சிறிய அளவு என்று அவர் எண்ணியது உண்மையில் பலமான அளவு. போர்க்காலத்தில் மோட்டார் வாகனம் கிடைக்காததால், உதவியாளர் துணையுடன் மிதிவண்டியில் வீடு போய்ச் சேர்ந்தார். வழியெல்லாம் கண்ணெதிரே இருந்தவை வளைந்து நெளிந்தன.

1947இல் சான்டோஸ் அதை டெலிசிட் என்ற பெயரில் மனநல ஆய்வுக்காக வெளியிட்டது. 1950களில் மருத்துவர்கள் குடிநோய்க்கும் மனக்கோளாறுகளுக்கும் அதைச் சோதித்தனர். 1960களில் அது மருத்துவமனையைத் தாண்டி இளைஞர் கூட்டங்களுக்குப் போனது. பிரிட்டனும் கலிபோர்னியாவும் 1966இல் தடை விதித்தன. மனத்தைப் பாதிக்கும் பொருள்கள் பற்றிய ஐ.நா. உடன்படிக்கை 1971 பிப்ரவரி 21 அன்று வியன்னாவில் கையெழுத்தாகி, அதை மிகக் கடுமையான முதல் அட்டவணையில் வைத்தது. பழைய எல்.எஸ்.டி. கணக்கேட்டிலிருந்து விடைபெற்று ஆறு நாள்களே ஆகியிருந்தன. இந்தியாவில் 1985ஆம் ஆண்டின் போதைப்பொருள் தடுப்புச் சட்டத்தின் கீழ் இதற்கு 0.1 கிராமே வணிக அளவு. குறைந்தது 10 ஆண்டு சிறைத் தண்டனைக்குரியது. காகிதத் துண்டுகளில் ஊறவைத்து விற்கப்படுவதால் செய்திகளில் இது போதை ஸ்டாம்ப் என்று குறிக்கப்படுகிறது.

பிற துறைகளில்

புள்ளியியலில் எல்.எஸ்.டி. என்பது பொருட்படுத்தத்தக்க மிகக் குறைந்த வேறுபாடு. பிரிட்டனின் ரோதம்ஸ்டட் வேளாண் ஆய்வு நிலையத்தில் பணியாற்றிய ஆர்.ஏ. ஃபிஷர் 1935இல் வெளியிட்ட சோதனை வடிவமைப்பு நூலிலிருந்து இது வழங்குகிறது. இரண்டு நெல் ரகங்களின் சராசரி விளைச்சல் வேறுபாடு இந்த அளவைத் தாண்டினால் அது ரகத்தின் குணம் என்று கொள்ளலாம். தாண்டாவிட்டால் மண், நீர் ஆகியவற்றின் தற்செயல் ஏற்ற இறக்கமாகவும் இருக்கலாம். இந்திய வேளாண் ஆய்வுக் கட்டுரைகளில் இதே அளவு பெரும்பாலும் சி.டி. என்று எழுதப்படுகிறது.

கடற்படையில் இது கப்பல் வகை. இரண்டாம் உலகப் போரில் கரையிறங்கும் படகுகளை நெடுந்தூரம் சுமந்து செல்ல பிரிட்டன் கேட்ட கப்பலை அமெரிக்கா கட்டியது. ஆஷ்லண்ட் என்ற முதல் கப்பல் 1943 ஜூனில் பணியில் சேர்ந்தது. தொட்டிகளில் கடல்நீரை நிரப்பிப் பின்பகுதியைத் தாழ்த்தினால் கப்பலின் வயிற்றிலேயே தண்ணீர் ஏறும். படகுகள் மிதந்து பின்கதவு வழியாக வெளியேறும்.

மோட்டார் துறையில், ஒரு சக்கரம் சேற்றில் வீணே சுழலும்போது இழுவிசை முழுவதும் அதற்கே போய்விடாமல் தடுக்கும் டிஃபரென்ஷியல் அமைப்புக்கு இந்தப் பெயர். 1930களில் ஃபெர்டினாண்ட் போர்ஷே வடிவமைத்த ஆட்டோ யூனியன் பந்தயக் கார்களின் பின்சக்கரங்கள் இப்படிச் சுழன்று விசையை இழந்ததற்குத் தீர்வாக ஜெர்மனியின் இசட்.எஃப். நிறுவனம் இதைக் கொண்டுவந்தது.

கால்நடை மருத்துவத்தில் எல்.எஸ்.டி. தோல் கழலை நோய். 1929இல் வட ரொடீசியாவில், அதாவது இன்றைய ஜாம்பியாவில், முதலில் பதிவான இந்த வைரஸ் நோய் ஈ, கொசு, உண்ணி வழியாகப் பரவுகிறது. மாட்டின் தோல் முழுவதும் உருண்டைக் கழலைகள் எழும், காய்ச்சல் வரும், பால் வற்றும். இந்தியாவில் 2019இல் ஒடிசாவில் கண்டறியப்பட்டு, 2022இல் குஜராத், ராஜஸ்தான் மாநிலங்களில் பெரும் எண்ணிக்கையில் மாடுகளைப் பலிவாங்கியது. ஆட்டம்மைத் தடுப்பூசி இதற்கு எதிராகப் பயன்படுத்தப்பட்டது.

குழந்தை மருத்துவத்தில் லைசோசோம் சேமிப்புக் குறைபாடுகளுக்கும் இதே சுருக்கம். செல்லுக்குள் கழிவைச் சிதைக்கும் லைசோசோமைக் கிறிஸ்டியன் டி டூவ் 1955இல் அறிவித்தார். அதில் ஒரு நொதி குறைந்தால் சிதையாத பொருள் உறுப்புகளில் தேங்குகிறது. கோஷே, பாம்பே, ஃபேப்ரி முதலிய பரம்பரை நோய்கள் இந்த வகையைச் சேர்ந்தவை.

சுருக்கமும் முழுப்பெயரும்

ஒரே மேசையைச் சுற்றி இருப்பவர்களுக்குள் எழுத்துச் சுருக்கம் பிழையின்றி வேலை செய்கிறது. கருவூலக் கணக்கரும் கால்நடை மருத்துவரும் அவரவர் இடத்தில் எல்.எஸ்.டி. என்று எழுதியதில் குழப்பம் எழவில்லை. ஒரு துறையின் தாள் வேறொருவர் கைக்குப் போகும்போதுதான் முழுப்பெயர் தேவையாகிறது. மனநல மருத்துவமும் குழந்தை மருத்துவமும் ஒரே மருத்துவமனைக்குள் இந்த எழுத்துகளைப் பகிர்ந்துகொள்வதால் இந்தத் தேவை அங்கே இன்னும் கூடுதல். அறிவியல் இதழ்கள் எந்தச் சுருக்கத்தையும் முதல்முறை எழுதும்போது விரித்து எழுதச் சொல்கின்றன. தவறாகப் படித்தால் தண்டனையே மாறிவிடக்கூடிய சட்டத்தில் இன்னும் கண்டிப்பு உண்டு. வியன்னா உடன்படிக்கையின் அட்டவணையில் அந்தப் பொருள் லைசெர்ஜைடு என்ற தனிப்பெயராலும் முழு வேதியியல் பெயராலும் அடையாளப்படுத்தப்படுகிறது, எல்.எஸ்.டி. என்பது அங்கே துணைப்பெயர் மட்டுமே.