ஆரணிக் களத்தில் எட்டுப் பேர்

சென்ற வாரம் ஆற்காட்டு முற்றுகையோடு நிறுத்தியிருந்தோம். ஐம்பது நாள் கோட்டைக்குள் அடைபட்டுக் கிடந்த கிழக்கிந்தியக் கம்பெனியின் ராபர்ட் கிளைவ் வெளியே வந்துவிட்டார். முற்றுகையைக் கைவிட்டுப் பின்வாங்கிய ராஜா சாகிப், புதுச்சேரியிலிருந்து பிரெஞ்சுத் துணைப்படை வந்து சேரட்டும் என்று பார்த்திருந்தார். இவர் ஆற்காட்டு நவாப் பதவிக்குப் போட்டியிட்ட சந்தா சாகிப்பின் மகன். இரு தரப்பும் மறுபடி மோதிய இடம் ஆரணி. நாள் 1751 டிசம்பர் 3.

ஆரணியும் அதை ஒட்டிய சேவூரும் இன்று பட்டுக்குப் பேர்போனவை. கல்யாணத்துக்குச் சேலை எடுக்க வருகிறவர்களுக்கு இந்தப் பக்கம் ஒரு போர்க்களம் இருந்தது என்று சொன்னால் நம்புவது கடினம். சேவூர் என்றதும் சரித்திர நாவல் படித்தவர்களுக்கு வேறொரு போர் நினைவுக்கு வரும். அதையும் இங்கேயே பிரித்துச் சொல்லிவிடுகிறேன். சுந்தர சோழரின் படை வீரபாண்டியனை வென்ற சேவூர், புதுக்கோட்டைப் பக்கத்தில் உள்ளது. அவிநாசிக்கு அருகிலும் ஒரு சேவூர் உண்டு. நாம் நிற்பது நெசவாளர்களின் சேவூரில்.

டிசம்பர் மாதத்தில் இந்த வட்டாரத்து நஞ்சையைப் பார்த்தவர்களுக்கு அன்றைய சண்டை எளிதில் விளங்கும். ஐப்பசி, கார்த்திகை மழை ஓய்ந்திருக்கும், வயல் முழுக்கத் தண்ணீர், கால் வைத்தால் முழங்கால் வரை சேறு. கிளைவிடம் சுமார் 200 ஐரோப்பியர், 700 சிப்பாய்கள், கூட்டாளிகளான மராட்டியரின் 600 குதிரைகள். எதிரில் 300 பிரெஞ்சுக்காரர், 2,500 சிப்பாய்கள், 2,000 குதிரைகள். ஆள் கணக்கில் கிளைவ் மூன்றில் ஒரு பங்குதான். ஆனால் இடத்தைத் தேர்ந்தெடுத்துக்கொண்டவர் அவர். ஒரு பக்கம் கிராமம், மறுபக்கம் தோப்பு, நடுவில் நெல் வயல். தோப்பில் மராட்டியக் குதிரைகள் நின்றன. பிரெஞ்சுக்காரர்கள் பீரங்கிகளோடு வரவேண்டுமானால் வயலின் குறுக்கே போகும் மேட்டுப்பாதை ஒன்றுதான் வழி. அதில் வரிசையாக வந்தவர்கள் மீது பக்கவாட்டிலிருந்து குண்டு மழை பொழிந்தது. பாதையில் நிற்க முடியவில்லை. வயலில் குதித்தவர்கள் சேற்றில் மாட்டினார்கள். தோற்ற படை வழியில் இருந்த சத்திரங்களில் நின்று நின்று திருப்பிச் சுட்டுப் பார்த்தது. இருட்டியதும் ஆரணி ஊருக்குள் புகுந்து கலைந்துபோனது. ராஜா சாகிப்பின் பணப்பெட்டி மராட்டியர் கையில் சிக்கியது. அதில் ஒரு லட்சம் ரூபாய் இருந்தது.

இந்தப் போரை விரிவாக எழுதிவைத்தவர் ராபர்ட் ஓர்ம். கம்பெனியின் சென்னை ஆலோசனைச் சபையில் இருந்தவர், கிளைவின் நண்பர். அவருடைய நூலின் முதல் பாகம் 1763-ல் லண்டனில் வெளிவந்தது. சாவுக் கணக்கையும் அவர் விடவில்லை. பிரெஞ்சுக்காரர் தரப்பில் சுமார் 50 ஐரோப்பியரும் 150 இந்தியரும் செத்தோ காயப்பட்டோ விழுந்தார்கள். கிளைவ் தரப்பில் மராட்டியர் 50 பேர். ஆங்கிலேயர் ஒருவர்கூடச் சாகவில்லை. சிப்பாய்கள் எட்டுப் பேர்.

அந்த எட்டுப் பேர் யார்? எந்த ஊர், என்ன மதம், புதைத்தார்களா, எரித்தார்களா? ஓர்ம் சொல்லவில்லை, சொல்ல வேண்டும் என்று அவருக்குத் தோன்றியிருக்கவும் வாய்ப்பில்லை. மதராஸ் சிப்பாய்கள் முறையான பட்டாளங்களாகத் திரட்டப்பட்டது 1758-க்குப் பிறகுதான். அதுவரை அவர்கள் ஒரு ஜமேதாரையோ சுபேதாரையோ நம்பி வந்த கூலிப்படை. சம்பளம் தலைவன் கையில், தலைவன் பெயர் கம்பெனிப் புத்தகத்தில். கீழே இருந்தவன் வெறும் தலைக்கணக்கு. தோற்ற பிறகு ராஜா சாகிப்பின் சிப்பாய்கள் நூற்றுக்கணக்கில் துப்பாக்கியோடு கிளைவிடம் வந்து வேலை கேட்டார்கள் என்பதையும் இதோடு சேர்த்துப் பார்க்க வேண்டும். காலையில் எதிரி, மறுநாள் கூட்டாளி. அப்படிப்பட்டவனுக்கு யார் கல் வைப்பார்?

முப்பது வருடம் கழித்து மறுபடி ஆரணி. 1782 ஜூன் 2. இந்த முறை ஒரு பக்கம் மைசூரின் ஹைதர் அலி, மறுபக்கம் கம்பெனித் தளபதி சர் அயர் கூட். ஹைதரின் தானியக் கிடங்கும் ஆயுதக் கிடங்கும் ஆரணிக் கோட்டையில் இருந்தன. அதைக் குறிவைத்துத்தான் கூட் வந்தார். சண்டையில் ஹைதரின் ஒரு பீரங்கியும் பதினொரு வெடிமருந்து வண்டிகளும் ஆற்று மணலில் பிடிபட்டன, கோட்டை பிடிபடவில்லை. வென்றவர் யார் என்று இன்றும் அடித்துச் சொல்ல முடியாத போர் இது. என்னைக் கேட்டால் ஹைதர் இழந்தது ஒரு பீரங்கி, கூட் இழந்தது வந்த காரியம்.

இருவரும் நேருக்கு நேர் மோதிய கடைசிக் களம் இதுதான். ஒரு வருடத்துக்குள் இருவருமே இறந்தார்கள். இருவர் உடலும் செத்த பிறகு வெகுதூரம் பயணம் போயின. ஹைதர் 1782 டிசம்பர் 7 அன்று சித்தூருக்கு அருகே பாசறையில் இறந்தார். மகன் திப்பு அப்போது மலபாரில் இருந்தார். சாவு வெளியே தெரிந்தால் படை கலைந்துவிடும். ஆகவே உடலை வாசனைத் திரவியங்களோடு பெட்டியில் வைத்து, கஜானா போகிறது என்று சொல்லிக் கோலாருக்கு அனுப்பினார்கள். அங்கே தந்தையின் சமாதியருகே அடக்கம் ஆனது. பிறகு அங்கிருந்து எடுத்து ஸ்ரீரங்கப்பட்டணத்தில் திப்பு கட்டிய கும்பஸில் வைத்தார்கள். கூட் 1783 ஏப்ரலில் சென்னையில் இறந்தார். அவர் உடல் கப்பலேறி இங்கிலாந்து போய், ஹாம்ப்ஷயரில் ராக்போர்ன் கிராமத் தேவாலயத்தில் சேர்ந்தது. தளபதிகள் என்றால் எலும்புக்கும் வழித்துணை உண்டு.

ஆரணியிலேயே ஒரு தளபதியின் நினைவுத்தூண் இருக்கிறது. கர்னல் ராபர்ட் கெல்லி. 1790-ல் திப்புவுக்கு எதிரான மூன்றாம் மைசூர்ப் போர் தொடங்கியபோது கம்பெனியின் நடுப் படை ஆரணியில் திரண்டது. அதற்குத் தலைவர் கெல்லி. படை நகர்வதற்கு முன்பே செப்டம்பர் 29 அன்று அவர் இறந்துவிட, கர்னல் மாக்ஸ்வெல் அந்த இடத்துக்கு வந்தார். இங்கே இரண்டு போர்களில் சண்டையிட்டுச் செத்தவர்களுக்கு ஒரு கல் இல்லை; 1790-ல் சண்டை எதுவும் போடாமல் இறந்த கர்னலுக்கு வானைத் தொடும் தூண். கெல்லி மீது குறை சொல்ல ஒன்றுமில்லை. அவர் முப்பது வருடம் படையில் இருந்தவர். பதவிதான் கல்லைத் தீர்மானித்தது என்கிறேன்.

இந்த மண்ணின் பழக்கம் இதுவல்ல. ஆரணி இருக்கும் இதே திருவண்ணாமலை மாவட்டத்தில், செங்கம், தண்டராம்பட்டுப் பக்கம் போனால் பல்லவர் காலத்து நடுகற்கள் காட்டிலும் மேட்டிலும் நிற்கின்றன. 1970-களின் தொடக்கத்தில் தமிழ்நாடு தொல்லியல் துறை அவற்றைத் தேடிப் படித்து ‘செங்கம் நடுகற்கள்’ என்று நூலாகவே வெளியிட்டது; பதிப்பாசிரியர் இரா. நாகசாமி. அந்தக் கற்களில் இருப்பவர்கள் அரசர்கள் அல்லர். மாடு பிடிக்க வந்தவர்களோடு சண்டையிட்டவன், ஊர் அழிந்தபோது எதிர்த்து நின்றவன், தலைவனுக்காகக் கூடப் போய்ப் பட்டவன். ஒவ்வொரு கல்லிலும் அரசனின் ஆட்சியாண்டு, தலைவன் பெயர், செத்தவன் பெயர், எப்படிச் செத்தான் என்பது ஒரு வரி. கூடவே வில்லும் வாளும் ஏந்திய உருவம். உடம்பில் தைத்த அம்புகளைக்கூடச் சில கற்களில் செதுக்கியிருக்கிறார்கள்.

தண்டராம்பட்டுக்கு அருகே எடுத்தனூரில் ஒரு கல். மகேந்திரவர்மனின் 34-ஆம் ஆட்சியாண்டு, அதாவது ஏழாம் நூற்றாண்டின் முற்பகுதி. எருமை மந்தையைக் காக்கப்போய்ப் பட்டவன் பெயர் கருந்தேவக்கத்தி. அவன் பக்கத்தில் அவனுடைய நாய் நிற்கிறது. கள்ளனைக் கடித்துக் காவல் நின்றதற்காக அதன் பெயரையும் பொறித்திருக்கிறார்கள்: கோவிவன். ஆயிரத்து நானூறு வருடத்துக்கு முந்தைய ஒரு கிராமம் நாய்க்குக் கொடுத்த மரியாதையை, ஓர்மின் காலத்துக் கம்பெனி ஆளுக்குக் கொடுக்கவில்லை.

பழையதெல்லாம் பொன் என்று சொல்ல வரவில்லை. அக்காலத்திலும் பெரிய கட்டடம் பெரிய ஆளுக்குத்தான். வேலூர்ப் பக்கம் மேல்பாடியில் ராஜராஜன் தன் பாட்டன் அரிஞ்சயனுக்குக் கட்டிய பள்ளிப்படைக் கோயில் இருக்கிறது. ஆற்றூரில் உயிர்விட்ட அந்த அரசனுக்குக் கருவறையும் விமானமும் கிடைத்தன. கருந்தேவக்கத்திக்கு ஒரு பலகைக்கல். ஆனால் பலகைக்கல்லும் நிலைத்துவிட்டது. செங்கம், தருமபுரிப் பக்கத்தில் இத்தகைய கற்களை வேடியப்பன் என்று கும்பிடுகிறார்கள், பொங்கல் வைக்கிறார்கள். எழுத்தைப் படிக்கத் தெரியாதவர்களும் எண்ணெய் பூசிக் கும்பிட்டதால்தான் பல கற்கள் நமக்கு மிஞ்சின. அதே எண்ணெய்தான் சிலவற்றில் எழுத்தை மழுங்கவும் வைத்தது.

    

ஆரணியிலிருந்து வேலூருக்கு வருவோம். 1806 ஜூலை 10, விடிவதற்கு முன். புதுத் தலைப்பாகையும் தோல் குஞ்சமும் கட்டாயம், நெற்றியில் சமயக்குறி கூடாது, தாடி கூடாது என்று வந்த உத்தரவுகளால் கொதித்திருந்த சிப்பாய்கள் கோட்டைக்குள் எழுந்தார்கள். தளபதி ஃபேன்கோர்ட் உட்பட 14 அதிகாரிகளும் 69-ஆம் ரெஜிமெண்டின் 115 பேரும் கொல்லப்பட்டார்கள். ஆற்காட்டிலிருந்து கில்லெஸ்பி 19-ஆம் குதிரைப்படையோடு பாய்ந்து வந்தார். மதியத்துக்குள் கோட்டை மீண்டும் கம்பெனி கையில். அன்று இறந்த சிப்பாய்கள் சுமார் 350 பேர். அரண்மனைக்குள் ஒளிந்திருந்த நூறு பேர்வரை வெளியே இழுத்துவந்து சுவரோரம் நிறுத்திச் சுட்டார்கள். விசாரணைக்குப் பிறகு ஆறு பேரைப் பீரங்கி வாயில் கட்டிச் சிதறடித்தார்கள், ஐந்து பேரைச் சுட்டார்கள், எட்டுப் பேரைத் தூக்கிலிட்டார்கள்.

69-ஆம் ரெஜிமெண்டின் இறந்தவர்களுக்கு வேலூரின் பழைய ஆங்கிலேயர் கல்லறைத் தோட்டத்தில் நினைவுச் சின்னம் உண்டு. சிப்பாய்களுக்கு அடையாளமிட்ட ஒரு குழிகூடக் கிடையாது. அவர்களுக்கென்று மக்கான் சந்திப்பில் தூண் எழுந்தது 1998-ல். நூற்றுத் தொண்ணூறு வருடத் தாமதம். இருநூறாவது ஆண்டில், 2006-ல், தபால்தலையும் வந்தது. தாமதமானாலும் வந்ததே என்று சந்தோஷப்படலாம். ஆனால் அந்தத் தூணும் எல்லோருக்கும் பொதுவானது.

இதற்கு மாற்றாக ஒரு இடத்தைக் காட்ட வேண்டுமானால் சென்னை நந்தம்பாக்கம் போகவேண்டும். மவுண்ட்–பூந்தமல்லி சாலையில் இருக்கிறது மதராஸ் போர்க் கல்லறை. தென்னிந்தியாவிலும் கிழக்கிந்தியாவிலும் கண்டோன்மெண்ட் கல்லறைகளில் சிதறிக் கிடந்த இரண்டாம் உலகப்போர்க் கல்லறைகளைத் தொடர்ந்து பராமரிக்க முடியாது என்பதால் 1952-ல் இதை அமைத்து இங்கே கொண்டுவந்தார்கள். 850-க்கும் மேற்பட்டவர்கள் இங்கே இருக்கிறார்கள். உள்ளே இருக்கும் இன்னொரு நினைவுச் சின்னத்தில், முதல் உலகப்போர்க் காலத்தில் இறந்து இந்தியாவின் பல மூலைகளில் அடங்கிப்போன ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்களின் பெயர்கள்.

நடந்து பார்த்தால் ஒன்று கண்ணில் படும். எல்லாக் கல்லும் ஒரே உயரம். ஜெனரலுக்கும் சிப்பாய்க்கும் ஒரே அளவு. பதவி, இனம், மதம் பார்க்காமல் ஒரே மாதிரிக் கல் என்பது 1918-ல் ஃபிரெடரிக் கென்யன் அளித்த அறிக்கையின் பரிந்துரை. இன்றைய காமன்வெல்த் போர்க் கல்லறை ஆணையம் அதையே விதியாக ஏற்றது. கெல்லியின் தூணிலிருந்து இந்த விதிக்கு வர ஏறத்தாழ 130 வருடம் ஆகியிருக்கிறது.

விதி எழுத்தில் சமம். நடைமுறையில் எல்லா இடத்திலும் அப்படி இல்லை. இராக்கில் பாஸ்ரா நினைவுச் சின்னம் 1929-ல் திறந்தபோது, மெசபடோமியாவில் இறந்தவர்களில் பிரிட்டிஷ் வீரர்களின் பெயர்கள் வரிசையாக இருந்தன. இந்தியர்களில் அதிகாரிகளுக்கு மட்டும் பெயர். மற்றவர்களுக்குப் படைப்பிரிவும் எண்ணிக்கையும். இத்தனை பேர் என்று ஒரு வரி. இதுபோன்ற பாரபட்சத்தை ஆணையமே 2021-ல் ஒப்புக்கொண்டது. இந்தியா, ஆப்பிரிக்கா, எகிப்து நாட்டவர் 45,000 முதல் 54,000 பேர் வரை சமமாக நினைவுகூரப்படவில்லை, இன்னும் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் பெயரால் நினைவுகூரப்படாமலோ, அறவே நினைவுகூரப்படாமலோ போயிருக்கலாம் என்றது அறிக்கை. அதன் பிறகுதான் விடுபட்ட பெயர்களைத் தேடும் வேலை சூடுபிடித்தது.

பெயர் தேடுகிறவர்களுக்கு ஒரு யோசனை. வேலூர் மாவட்டம் கணியம்பாடி ஒன்றியத்தில் கம்மவான்பேட்டை என்று ஒரு கிராமம். வீட்டுக்கு ஒருவராவது பட்டாளத்தில் இருப்பார்கள் என்பதால் ராணுவப்பேட்டை என்றே பெயர். முதல் உலகப்போருக்குப் பிறகு தமிழ்நாட்டின் பல கிராமங்களில் சர்க்கார் பதித்த வெள்ளைக் கல் பலகைகளும் உண்டு: இந்த ஊரிலிருந்து போருக்குப் போனவர் இத்தனை பேர், உயிர்விட்டவர் இத்தனை பேர். அவற்றிலும் தொகைதான், பெயர் இல்லை. ஆனால் ஊர் தெரிந்துவிட்டதே. ஊர் தெரிந்தால் ஓய்வூதியக் காகிதம், பட்டாளத்துப் பதிவேடு, தாத்தா சொன்ன கதை என்று ஒவ்வொன்றாகப் பிடித்துப் பெயருக்குப் போய்விடலாம். உங்கள் ஊரில் அப்படி ஒரு பலகை இருந்தால் முதலில் அதற்குச் சுண்ணாம்பு அடிப்பதை நிறுத்துங்கள்.

அடுத்த வாரம் காஞ்சிபுரம் பக்கம் புள்ளலூர். 1780 செப்டம்பர் 10 அன்று திப்புவின் ராக்கெட்டுகள் கர்னல் பெய்லியின் படையைச் சின்னாபின்னமாக்கிய களம். அங்கே இன்றும் இரண்டு தூண்கள் நிற்கின்றன. ஆனால் அவை பெய்லியின் ஆட்களுக்கு உரியவை அல்ல. ஒரு வருடம் கழித்து அதே இடத்தில் நடந்த போரில் விழுந்த ஜார்ஜ் பிரவுன், ஜேம்ஸ் ஹிஸ்லாப் என்ற இரண்டு அதிகாரிகளுடையவை. பெய்லி எங்கே போனார், எங்கே புதைக்கப்பட்டார் என்பதற்கு ஸ்ரீரங்கப்பட்டணம்வரை போகவேண்டும்.

(தொடரும்)