பேர், துண்டு, பெரட்டு: ஊவாவில் எத்தனை மொழி?

ஊவா மாகாணத்தில் எத்தனை மொழி பேசுறாங்கன்னு யாரிடம் கேட்டாலும் ரெண்டுன்னுதான் பதில் வரும். சிங்களம், தமிழ். கொஞ்சம் யோசிக்கிறவங்க ஆங்கிலத்தையும் சேர்த்துக்குவாங்க. பதுளை பஸ் ஸ்டாண்டில் இருக்கிற பெயர்ப் பலகைகளைப் பார்த்தாலும் அதே கணக்குதான்.

ஆனா பலகைக்குக் கீழே நிக்கிற ஆட்களைக் கேளுங்க. பசறைப் பக்கத்துத் தோட்டத்திலிருந்து வந்த அம்மா பேசுற தமிழும், வெலிமடை முஸ்லிம் கடைக்காரர் பேசுற தமிழும் ஒண்ணு இல்ல. நகரத்தில் நாலைஞ்சு தலைமுறையா இருக்கிற மலாய்க் குடும்பங்களுக்கு வீட்டுக்குள்ள வேற மொழி. மகியங்கனை தாண்டி தம்பானைக்குப் போனா ஆதிவாசிகளுக்கு இன்னொரு மொழி. எல்லாம் ஒரே மாகாணம், அதிலும் ஒரே மாவட்டம்.

அப்போ நாம ஏன் ரெண்டுன்னு சொல்றோம்? எதை 'மொழி'ன்னு எண்ணுறது, எதை 'வழக்கு', 'கொச்சை'ன்னு ஒதுக்குறதுங்கிறதை மொழியியல் மட்டும் முடிவு பண்றதில்ல. அதுக்குப் பின்னால ஒரு வரலாறு இருக்கு.

சீனாவின் குவாங்டொங் மாகாணம் இதுக்கு நல்ல உதாரணம். வெளியில இருந்து பார்த்தா அங்க பேசுறது 'சீன மொழி'. உள்ளே போனா கண்டனீஸ், ஹக்கா, தியோச்சூ. ஒருத்தர் பேசுறது மத்தவருக்கு விளங்காது. ஆனாலும் அரசாங்கக் கணக்கில் இதெல்லாம் வட்டார வழக்குகள். அதே மாகாணத்து மலைகளில் வாழுற யாவ் மக்கள் மட்டும் தனியான சிறுபான்மை இனமாக எண்ணப்படுறாங்க. 2010இல் குவாங்சோ தொலைக்காட்சி மாண்டரினுக்கு மாறணும்னு ஒரு யோசனை வந்தப்போ இளைஞர்கள் தெருவில் இறங்கினாங்க. 'வழக்கு'ன்னு பெயர் வச்சா அதை இழக்கிறது பெரிய விஷயமில்லன்னு ஆகிடும். அவங்க எதிர்த்தது அதைத்தான். இந்தக் கண்ணோட்டத்தோட ஊவாவுக்குத் திரும்பலாம்.

மலையில் உண்டான தமிழ்

ஊவா தனி மாகாணமானது 1886இல். அதுக்கு முன்னாடியே கோப்பி வந்துவிட்டது, கோப்பியோட நம்ம ஆட்களும் வந்துவிட்டாங்க. 1869இல் கோப்பி இலை நோய் முதன்முதலில் கண்டறியப்பட்டது மடுல்சீமையில். அந்த நோய் கோப்பியை அழிச்சதும் தேயிலை அந்த இடத்தைப் பிடிச்சது. 1890இல் தோமஸ் லிப்டன் அப்புத்தளைப் பக்கம் தம்பேதன்னை தோட்டத்தை வாங்கினார். பதுளைக்கு ரயில் வந்தது 1924இல்தான். அதுக்கு முன்னால வந்தவங்களுக்கு மன்னாரில் இறங்கி காடு வழியா மாத்தளை வரைக்கும் நடை, அங்கிருந்து ஊவா மலைகளுக்கு இன்னும் தூரம்.

திருச்சி, சேலம், மதுரை, ராமநாதபுரம், புதுக்கோட்டை, தஞ்சாவூர்னு பல பக்கங்களில் இருந்து வந்தாங்க. ஒவ்வொரு பக்கத்துக்கும் ஒரு பேச்சு. சாதிக்கொரு பேச்சும் இருந்தது. எல்லாரும் ஒரே லயத்தில், அடுத்தடுத்த காம்பிராவில் குடியேறினாங்க. ரெண்டு மூணு தலைமுறையில் அந்த வேறுபாடுகள் தேய்ந்து, தமிழ்நாட்டில் எந்த ஊரிலும் இல்லாத ஒரு தமிழ் உருவானது. இது 'உடைஞ்ச தமிழ்' இல்ல. பல தமிழ்கள் ஒண்ணா உருகி வந்த புதுத்தமிழ்.

அதில் தமிழ் மட்டுமா இருந்தது? வந்தவங்களில் வீட்டில் தெலுங்கு பேசின அருந்ததியர் குடும்பங்களும் உண்டு. மலையாளம் பேசினவங்களும் கொஞ்சம் பேர். தோட்டத்தில் வேலை தமிழில், சண்டை தமிழில், சாமி கும்பிடுறது தமிழில். அதனால அந்த வீட்டு மொழிகள் சத்தமில்லாம கரைஞ்சு போச்சு. தமிழ் இங்க ஒடுக்கப்பட்ட மொழிதான். அதே நேரம் இன்னும் சின்ன மொழிகளை விழுங்கின மொழியும் அதுதான். ரெண்டையும் சேர்த்துத்தான் பார்க்கணும்.

நாலு சொல், நாலு வரலாறு

இந்தத் தமிழின் சொற்களே ஒரு ஆவணக் காப்பகம்.

'பெரட்டு'. ஆங்கில 'பரேட்' இப்படி ஆனது. விடியக்காலையில் தொழிலாளரை வரிசையா நிறுத்தி ஆளை எண்ணி வேலை பிரிக்கிற இடம், அந்த நேரம். பட்டாளத்துக்குரிய சொல் தோட்டத்துக்கு வந்திருக்குன்னா, அங்க நடந்த நிர்வாகம் எப்படின்னு தனியா விளக்க வேண்டாம்.

'பேர்'. ஒரு நாள் முழு வேலை செஞ்சா ஒரு பேர். செக்ரோலில் உங்க பேருக்கு நேரே விழுற பதிவு அது. நிறை குறைஞ்சா அரைப்பேர். "இந்த மாசம் எத்தனை பேர்?" என்றால் எத்தனை ஆட்கள்னு அர்த்தமில்ல, எத்தனை நாள் கூலின்னு அர்த்தம். மனுசனுடைய பேரே கூலியின் அளவையா மாறிப்போன சொல் இது.

'துண்டு'. தொழிலாளியின் கடன் இவ்வளவு, அதைக் கட்டினா விடுவிக்கிறோம்னு துரை எழுதிக் கொடுக்கிற சீட்டு. துண்டு இல்லாம இன்னொரு தோட்டத்துக்குப் போக முடியாது. கங்காணிமார் இந்தத் துண்டை வச்சு ஆட்களையே கைமாத்தினாங்க. 1921இல் சட்டம் போட்டுத்தான் இந்த முறையை ஒழிச்சாங்க.

'நாடு'. தோட்டத்துப் பேச்சில் பக்கத்துச் சிங்களக் கிராமம்தான் நாடு, அங்க இருக்கிறவங்க நாட்டாளுங்க. அப்போ தோட்டம் என்ன? நாட்டுக்குள்ளேயே இருந்தாலும் நாட்டில் சேராத இடம். 1948 குடியுரிமைச் சட்டம் இதே மக்களை நாடற்றவர்களாக்கினது. அந்த நிலையின் சாயல் பேச்சில் ஏற்கெனவே இருந்தது.

இன்னும் இருக்கு. காம்பிராவுக்குள் போர்த்துக்கேயச் சொல் ஒளிஞ்சிருக்கு. கொழுந்து மடுவம், பிள்ளை மடுவம் என்கிற 'மடுவம்' சிங்கள 'மடுவ'வின் உறவு. கொந்தரப்பு என்பது 'கொன்ட்ராக்ட்'. கவ்வாத்து, நிரை, தவறணை, படங்கு, பீலி. ஒவ்வொண்ணுக்குப் பின்னாலும் ஒரு வேலை, ஒரு உடம்பு, ஒரு வலி இருக்கு.

துரைமாரும் இந்தத் தமிழைப் படிச்சாங்க. அதுக்காகவே கைநூல்கள் அச்சானது. ஒண்ணின் பெயர் 'இங்கே வா'. 1915இல் டபிள்யூ. ஜி. பி. வெல்ஸ் எழுதின இன்னொண்ணின் பெயரே 'கூலித் தமிழ்'. முதல் நூலின் தலைப்பையே பாருங்க, அது ஒரு கட்டளை. வரச் சொல்லவும் வேலை ஏவவும் எவ்வளவு தமிழ் வேணுமோ அவ்வளவுதான் துரைக்குத் தேவைப்பட்டது. அந்தப் பெயரையே எடுத்து, பதுளையைச் சேர்ந்த மு. நித்தியானந்தன் 2014இல் தன் ஆய்வுக் கட்டுரைத் தொகுப்புக்குக் 'கூலித் தமிழ்'னு தலைப்பு வச்சார். இழிவாகச் சூட்டின பெயரை ஆய்வின் பெயரா மாத்தினது சின்ன வேலை இல்ல.

இலக்கியத்தில் இதைச் செஞ்சவர்களில் ஒருவர் தெளிவத்தை ஜோசப். 1934இல் ஹாலிஎலைப் பக்கம் ஊவாகட்டவளைத் தோட்டத்தில் பிறந்தவர், 2022இல் மறைந்தார். தான் வேலை செஞ்ச தோட்டத்தின் பெயரைத் தன் பெயரோட சேர்த்துக்கிட்டவர். லயத்துப் பேச்சில் எழுதினா இலக்கியமாகாதுங்கிற எண்ணத்துக்கு அவருடைய கதைகள்தான் பதில்.

தமிழ் மாதிரி நடக்கிற மலாய்

பதுளை, பண்டாரவளைப் பக்கம் மலாய்க்காரர் இருக்கிறது பலருக்குத் தெரியும். அவங்க மொழியைப் பற்றித்தான் தெரியாது. ஒல்லாந்தர் காலத்திலும் ஆங்கிலேயர் காலத்திலும் இன்றைய இந்தோனேசியா, மலேசியாப் பகுதிகளில் இருந்து படைவீரர்களாகவும் நாடு கடத்தப்பட்டவர்களாகவும் வந்தவங்களின் வழித்தோன்றல்கள் இவங்க. 1873இல் இலங்கை ரைபிள் படை கலைக்கப்பட்ட பிறகு, பலர் பொலிஸிலும் தோட்டங்களிலும் வேலைக்குப் போனாங்க. 1869இலேயே கொழும்பில் மலாய் மொழியில் 'அலாமத் லங்காபுரி'ங்கிற பத்திரிகை வந்திருக்கு.

மலேசியாவில் 'வீட்டில்' என்பதற்கு 'டி ரூமா' என்பாங்க. வேற்றுமைச் சொல் முன்னால வரும். இலங்கை மலாயில் அது பின்னால போய் ஒட்டிக்கொள்ளும்: 'ரூமா-க'. நம்ம 'வீட்டு-ல' மாதிரியே. வினைச்சொல்லும் வாக்கியத்தின் கடைசிக்குப் போயிடுச்சு. சொற்கள் மலாய், எலும்புக்கூடு தமிழும் சிங்களமும். இதில் எந்த மொழியின் பங்கு அதிகம்னு ஆய்வாளர்கள் இன்னும் வாதாடுறாங்க. முஸ்லிம்களின் தமிழோட பள்ளிவாசலிலும் திருமணங்களிலும் இருந்த நெருக்கம் ஒரு முக்கியக் காரணம்னு ஒரு தரப்பு சொல்லுது. இன்னைக்கு மலாய்ப் பிள்ளைகள் பள்ளியில் படிக்கிறது சிங்களத்திலோ தமிழிலோதான். வீட்டு மொழி தாத்தா பாட்டியோட நிக்கிற இடங்கள் பல.

தம்பானையின் சொற்கள்

தம்பானையில் இருக்கிறவங்களை நாம 'வேடர்'னு சொல்றோம். அவங்க தங்களை வன்னியலா எத்தோ, காட்டில் வாழுறவங்கன்னு சொல்றாங்க. செலிக்மன் தம்பதி இவங்களைப் பற்றி எழுதின பெரிய நூல் 1911இல் வந்தது. இவங்க பேசுறது பழைய ஒரு மொழியும் சிங்களமும் கலந்து உண்டானதுங்கிறது கே. என். ஓ. தர்மதாச போன்ற அறிஞர்களின் கருத்து. சிங்களத்தில் தண்ணீர் 'திய' அல்லது 'வத்துர'. இவங்க பேச்சில் 'தியராச்ச'. இப்படி உயிரற்ற பொருட்களின் பெயருக்குப் பின்னால வரும் தனி ஒட்டுகள் சிங்களத்தில் இல்லாதவை.

அதைக் கொச்சைச் சிங்களம்னு தள்ளுறது, மலையகத் தமிழைக் கொச்சைத் தமிழ்னு தள்ளுறதுக்குச் சமம். 1983இல் மாதுரு ஓயா தேசியப் பூங்கா அறிவிக்கப்பட்டப்போ அவங்க வேட்டையாடின காடு சட்டப்படி மூடப்பட்டது. தேனுக்கும் மானுக்கும் மரத்துக்கும் சொல் வச்சிருந்தவங்களை அந்தக் காட்டிலிருந்து பிரிச்சா, சொற்கள் எங்க போய் நிக்கும்? 1998இல் முதுபெரும் தலைவர் திசஹாமி மறைந்த பிறகு, மகன் ஊருவரிகே வன்னில எத்தோ தலைமை ஏற்று இதைப் பற்றித் தொடர்ந்து பேசிக்கொண்டிருக்கிறார்.

சட்டத்தில் இருக்கிறது, கவுன்டரில் இல்லாதது

1956இல் தனிச்சிங்களச் சட்டம். 1987இல் 13ஆவது திருத்தம் தமிழையும் அரச கரும மொழியாக்கியது. 1988இல் வந்த 16ஆவது திருத்தம் நிர்வாக மொழியைத் தெளிவாக்கியது: வடக்கு, கிழக்கில் தமிழ், மற்ற மாகாணங்களில் சிங்களம். மொழிச் சிறுபான்மையினர் கணிசமா வாழுற பிரிவுகளை இருமொழிப் பிரிவுகளாக அறிவிக்க ஜனாதிபதிக்கு அதிகாரம் உண்டு. 1999இல் பண்டாரவளை, அப்புத்தளை, ஹல்துமுல்லை, ஹாலிஎல போன்ற பதுளை மாவட்டப் பிரிவுகள் இப்படி அறிவிக்கப்பட்டன.

ஆக, பதிவுப் புத்தகம் தமிழிலும் இருக்கணும், கடிதத்துக்குத் தமிழிலேயே பதில் வரணும். இது சலுகை இல்ல, சட்டம். ஆனா பிறப்புச் சான்றிதழில் பெயர் எழுத்து மாறி, அதைத் திருத்த நாலு தடவை பஸ் ஏறின குடும்பங்கள் எத்தனை! ஒரு நாள் அலைஞ்சா ஒரு பேர் போச்சு. மொழி உரிமை என்பது பண்பாட்டு விழா மேடைப் பேச்சு இல்லன்னு லயத்தில் இருக்கிறவங்களுக்கு நல்லாத் தெரியும்.

மலாய்க்கும் ஆதிவாசி மொழிக்கும் இந்தச் சட்டத்தில் இடமே இல்ல. நம்ம மொழிக்கு உரிமை கேட்கிற நாம, அந்த மொழிகளைக் கணக்கில் சேர்க்காம விட்டா, 'ரெண்டே மொழி'ங்கிற அந்தப் பலகையைத்தான் நாமளும் தூக்கிப் பிடிக்கிறோம்.

இன்னொரு ஆபத்து நமக்குள்ளேயே இருக்கு. கொழும்புக்கு வேலைக்குப் போற நம்ம தலைமுறை முதல்ல மறைக்கிறது தோட்டத்துத் தமிழைத்தான். 'பெரட்டு'ன்னு வாயில் வந்தா ஊர் தெரிஞ்சிடும்னு பயம். சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தால் நீலகிரிக்குப் போனவங்களும் இதே தமிழைக் கொண்டு போனாங்க. இங்க இந்தியாக்காரங்கன்னு பெயர் வாங்கினவங்க, அங்க சிலோன்காரங்கன்னு பெயர் வாங்கினாங்க. பேச்சை வச்சுத்தான் அடையாளம் கண்டாங்க.

அந்தப் பேச்சைக் காப்பாத்த பெரிய நிதி வேண்டாம். கையில் ஃபோன் இருக்கு. அடுத்த முறை வீட்டுக்குப் போறப்போ அப்பாயிகிட்ட ஒரு கேள்வி கேளுங்க: உங்க காலத்தில் அரைப்பேர் எதுக்கெல்லாம் போடுவாங்க? பதில் சொல்லச் சொல்ல பதிவு பண்ணிக்குங்க. மலாய் நண்பர் இருந்தா அவர் பாட்டியையும் பேசச் சொல்லுங்க. எந்த அரசாங்க ஆவணத்திலும் இல்லாத ஊவா வரலாறு அந்த வாய்களில்தான் இருக்கு.