எமிலியாவாக நடித்தவர்: லாரா பெத்தி

லாரா பெத்தி 1927 மே 1 அன்று, இத்தாலியின் பொலோஞா நகரை ஒட்டிய கசலேக்கியோ தி ரேனோவில் பிறந்தார். இயற்பெயர் லாரா த்ரொம்பெத்தி. திரைக்கு வருமுன் மேடைப் பாடகியாக இருந்தார். 1960இல் அவர் மிலானில் நடத்திய ‘ஜீரோ ஆ வுவோத்தோ’ நிகழ்ச்சிக்கு மொராவியா, பசோலினி போன்ற எழுத்தாளர்களே பாட்டு எழுதிக் கொடுத்தார்கள். அதே ஆண்டு ஃபெலினியின் ‘லா தோல்சே வீத்தா’வில் சிறு வேடம் கிடைத்தது.

அவரது திரை வாழ்க்கையைத் தீர்மானித்தது பியர் பாவ்லோ பசோலினியுடனான நட்பு. ஏசுவின் பாடுகளைப் படமெடுக்கும் ஒரு குழுவைப் பற்றி அவர் இயக்கிய ‘லா ரிகோத்தா’ (1963) என்ற குறும்படத்தில், ஆர்சன் வெல்ஸ் இயக்குநராகவும் பெத்தி நட்சத்திர நடிகையாகவும் வந்தனர். அரசின் மதத்தை இழிவுபடுத்தியதாகப் படம் பறிமுதல் செய்யப்பட்டது. பசோலினிக்கு நான்கு மாதச் சிறைத்தண்டனை விதிக்கப்பட்டது. மேல்முறையீட்டில் அது நிற்கவில்லை.

பெத்தியின் உச்சம் பசோலினியின் ‘தியொரேமா’ (1968). மிலான் ஆலை முதலாளி ஒருவரின் வீட்டுக்கு வரும் இளைஞன் அங்குள்ள ஒவ்வொருவருடனும் உடலுறவு கொண்டு, பின் போய்விடுகிறான். முதலாளி, மனைவி, மகன், மகள் என எல்லோரும் நிலைகுலைகிறார்கள். வேலைக்காரி எமிலியா மட்டும் தன் கிராமத்துக்குத் திரும்புகிறாள். பண்ணை முற்றத்து பெஞ்சில் பேசாமல் உட்கார்ந்து, காஞ்சொறிக் கீரையை மட்டும் உண்டு, நோயுற்ற சிறுவனைக் குணமாக்கி, கடைசியில் கூரைக்கு மேலே அந்தரத்தில் நிற்கிறாள். பிறகு தானே விரும்பி மண்ணில் புதைந்துகொள்கிறாள். அவளுக்குத் துணைபோகும் கிழவியாக நடித்தவர் பசோலினியின் தாய் சுசன்னா. குரலால் பெயர் பெற்றவர் பெத்தி. அப்படிப்பட்டவருக்கு இங்கே பேச்சு ஏறக்குறைய இல்லை. அசையாத முகமும் நிலைத்த பார்வையுமே நடிப்பு. படத்தில் புனிதத்தை நம்பவைப்பது எமிலியாவின் பகுதிதான்.

வெனிஸ் திரைவிழாவில் சிறந்த நடிகைக்கான வோல்பி கோப்பை அவருக்குக் கிடைத்தது. சர்வதேசக் கத்தோலிக்கத் திரைப்பட அமைப்பும் படத்துக்கு விருது அளித்தது. வத்திக்கான் அதைக் கண்டித்தது. ஆபாச வழக்கில் சிக்கிய படத்தை அந்த நவம்பரில் வெனிஸ் நீதிமன்றம் கலைப்படைப்பு என்று கூறி விடுவித்தது.

அதன்பின் மரியோ பாவாவின் திகில் படங்களிலும் பெல்லோக்கியோவின் அரசியல் படங்களிலும் நடித்தார். பசோலினியின் ‘கேன்டர்பரி கதைகள்’ (1972) படத்தில் ஐந்து கணவரைக் கண்ட பாத் நகரப் பெண்ணாக வந்தார். அவரது ‘சாலோ’வில் (1975) திரையில் தோன்றாமல் நடிகை எலென் சுர்ஷேருக்கு இத்தாலியக் குரல் கொடுத்தார். பெர்த்தொலூச்சியின் ‘1900’ (1976) படத்தில் பாசிச அடியாளின் துணைவி ரெஜினாவாக, அந்தப் பாத்திரத்தின் கொடுமையைச் சிறிதும் மென்மையாக்காமல் நடித்தார்.

1975 நவம்பர் 2 அன்று ஓஸ்தியாவில் பசோலினி கொல்லப்பட்டார். அவர்மேல் தொடுக்கப்பட்ட வழக்குகளையும் அவரது மரணத்தையும் பற்றிய ஆவணத் தொகுப்பை பெத்தி 1977இல் வெளியிட்டார். பசோலினியின் எழுத்துகளையும் படங்களையும் திரட்டி ரோமில் பசோலினி காப்பகத்தை நிறுவினார். 2001இல் அவரைப் பற்றி ஓர் ஆவணப்படமும் இயக்கினார். நடிப்புக்கு நிகராக மதிக்கவேண்டிய உழைப்பு இது. காப்பகத்தை 2003இல் பொலோஞா திரைப்பட ஆவணக் காப்பகத்திடம் ஒப்படைத்தார். 2004 ஜூலை 31 அன்று ரோமில் காலமானார்.